ஒரு வண்டிக்கு ஒரு கோப்பை

நான் பனியில் தலைகீழாக விழுந்த கதையைக் கேட்காத தமிழர் சுவிஸின் பாசல் நகரில் குறைவு. பிறந்தநாள், சாமத்தியவீடு, கோயில் அன்னதான வரிசை என்று எங்கே நாலு பேர் கூடினாலும் யாராவது ஒருவர், "அண்ணை, அந்த ஸ்னோமொபைல் கதையை ஒருக்காச் சொல்லுங்கோ" என்பார். நானும் விடமாட்டேன். தலைக்கவசத்தோடு பனிக்குள் புதைந்தது, ஒரு கால் மட்டும் வெளியே ஆடிக்கொண்டிருந்தது, என் மகள் அதைப் படமெடுத்து முடித்த பிறகுதான் தூக்க வந்தது எல்லாவற்றையும் கையை ஆட்டி ஆட்டிச் சொல்வேன். எல்லோரும் வயிறு குலுங்கச் சிரிப்பார்கள். என் மருமகனும் ஓரமாக நின்று சிரிப்பார். கதையை நான் அந்த இடத்தில் நிறுத்திவிடுவேன். அதற்குப் பிறகு அரை மணி நேரத்தில் நடந்தது அவருக்கும் எனக்கும் மட்டும்தான் தெரியும். அதைத்தான் இப்போது எழுதப் பார்க்கிறேன். எழுதுவதற்கே வெட்கமாக இருக்கிறது.

எனக்கு அறுபது வயதானபோது மண்டபம் எடுத்து, மாலை போட்டு, கேக் வெட்டுகிற வேலையெல்லாம் வேண்டாம் என்று மகளிடம் சொல்லியிருந்தேன். அவள் எங்களுக்கு ஒரே பிள்ளை. சரி என்றாள். அடுத்த வாரம் பின்லாந்தின் வடதுருவப் பக்கத்துக்கு மூன்று நாள் பயணச்சீட்டோடு வந்து நின்றாள். ஒரு நாள் முழுக்க, வழிகாட்டியோடு ஸ்னோமொபைல் என்கிற பனிவண்டி ஓட்டம். என் மனைவி சீட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"குளிருக்குக் காசு குடுத்துப் போறதோ? எங்கடை பல்கனியிலை போய் நிண்டால் காணாதோ?" என்று கேட்டாள். முழங்கால் வருத்தத்தைச் சொல்லித் தான் வரவில்லை என்றும் சொல்லிவிட்டாள். ஆனாலும் சீட்டு மூன்று இருந்தது. மூன்றாவது சீட்டு யாருக்கு என்பது எங்கள் இருவருக்கும் தெரியும்.

அந்த வருடம் இலையுதிர் காலத்தில்தான் மகள் தன் விருப்பத்தை எங்களிடம் சொன்னாள். பையன் பிரெஞ்சு பேசும் லோசானில் வளர்ந்தவர். அங்கே மெட்ரோவில் மின்சார வேலை. திரிம்பாக் கோயிலுக்கு வந்துவிட்டுத் திரும்பும் வழியில், ஓல்டன் ரயில் நிலையத்தில் ரயில் தாமதமாகி இருவரும் பேசத் தொடங்கியிருக்கிறார்கள். இவளுக்குப் பிரெஞ்சு வராது. அவருக்கு ஜெர்மன் வராது. ஆகவே சுவிஸில் பிறந்து வளர்ந்த இரண்டு பிள்ளைகள் வேறு வழியில்லாமல் தமிழில் காதலித்தார்கள். இதை நான் பெரிய பெருமையாக வேலையிடத்தில் எல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

மனைவி கேட்டது ஒரே ஒரு கேள்விதான். "அவை என்ன ஆக்கள்?"

யாழ்ப்பாணத்துக்காரர் வாயில் இந்தக் கேள்விக்கு ஒரு பொருள்தான் உண்டு. அது தொழிலைக் கேட்பதில்லை, குணத்தைக் கேட்பதில்லை. சாதியைக் கேட்கிறது. நான் அவள்மேல் பாய்ந்தேன். "உமக்கு வெக்கமில்லையோ? எந்த நாட்டிலை இருந்துகொண்டு என்ன கதை கதைக்கிறீர்?" என்று சத்தம் போட்டேன். தமிழ்ப் பாடசாலை ஆண்டு விழா மேடையில் ஏறி, சாதியைக் கடலில் போட்டுவிட்டு வந்தவர்கள் நாங்கள் என்று வாய் கிழியப் பேசியவன் நான். கைதட்டல்கூட வாங்கியிருக்கிறேன்.

அடுத்த நாள் மத்தியான இடைவேளையில் லோசானில் இருக்கும் என் பள்ளித் தோழனுக்குத் தொலைபேசி எடுத்தேன். பையனைப் பற்றி விசாரிக்கத்தான், எந்தத் தகப்பனும் செய்கிற வேலைதான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். இடைவேளை முடிவதற்குள் அவன் திருப்பி எடுத்தான். பையனின் தகப்பனுடைய ஊரைச் சொன்னான். ஊரில் எந்தக் குறிச்சி என்றும் சொன்னான்; குறிச்சியைச் சொன்னால் சாதியைச் சொன்ன மாதிரி. "பெடியன் தங்கமான பெடியன் மச்சான். ஒரு குறையும் சொல்லேலாது. ஆனால் ஆக்கள்…" என்று இழுத்தான். அந்த இழுவையிலேயே எனக்கு விளங்கிவிட்டது.

"உதெல்லாம் இப்ப ஆர் பாக்கினம்?" என்று சொல்லித் தொலைபேசியை வைத்தேன். பார்க்காதவன் எதற்காகக் கேட்டேன் என்று அவன் என்னிடம் கேட்கவில்லை. நானும் என்னிடம் கேட்கவில்லை.

மனைவியிடம் சொன்னேன்.  "உங்கடை மோள். நீங்களே முடிவெடுங்கோ" என்று சொல்லிவிட்டு அவள் எழுந்து போனாள்.

மகள் சுற்றி வளைத்துப் பேசுகிறவள் அல்ல. புறப்படுவதற்கு முதல் நாள் என் முன்னால் வந்து உட்கார்ந்தாள். "அப்பா, மூண்டு நாள் அவரோடை இருந்து பாருங்கோ. திரும்பி வரமுந்தி எனக்கு ஓமோ இல்லையோ சொல்லவேணும். நீங்கள் இல்லையெண்டு சொன்னாலும் நான் அவரைத்தான் கட்டுவன். ஆனால் அதுக்குப் பிறகு உங்களோடை கதைக்க மாட்டன்."

உண்மையைச் சொன்னால், நான் அப்போதே ஓம் என்று முடிவெடுத்திருந்தேன். அவளை இழக்க என்னால் முடியாது. அது மட்டுமல்ல, நான் எவ்வளவு பெரிய மனதுக்காரன் என்ற பெருமைப் புளுகமும் உள்ளே ஊறிக்கொண்டிருந்தது. ஆனாலும் உடனே சொல்லவில்லை. மூன்று நாளும் பிள்ளைகள் என் முகத்தைப் பார்த்துக்கொண்டு வரட்டும் என்று நினைத்தேன். இப்போது யோசித்தால் அதுவே அசிங்கமாகத்தான் தெரிகிறது.

சூரிச்சிலிருந்து பறந்து, இன்னொரு சின்ன விமானம் மாறி இறங்கினோம். இரண்டாவது நாள்தான் ஓட்டம். காலை பத்து மணிக்குத்தான் வானம் வெளுத்தது. சூரியன் மரங்களுக்கு மேலே ஏற மனமில்லாமல் ஓரமாகவே நகர்ந்தது. மைனஸ் இருபத்திரண்டு என்றார்கள். முப்பத்தைந்து வருடம் சுவிஸ் குளிரில் இருந்தவன் என்று நான் அலட்சியமாகத்தான் போனேன். வெளியே வந்த முதல் நிமிடத்தில் மூக்குமயிர் விறைத்துக் குத்தியது. அதற்குப் பிறகு வாயை மூடிக்கொண்டேன்.

எங்கள் வழிகாட்டி ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெண். அந்த ஊர்க்காரி. கன்னமெல்லாம் காற்றில் காய்ந்து சிவந்திருந்தது. உடம்பு முழுவதும் மூடுகிற தடித்த உடை, முழங்கால் வரை சப்பாத்து, முகமூடி, தலைக்கவசம் எல்லாம் அளவு பார்த்துத் தந்தார். போட்டு முடித்தபோது மூன்று பேரில் யார் யார் என்று தெரியவில்லை. எனக்குள் இருந்த மேடைப் பேச்சாளன் உடனே விழித்துக்கொண்டான். இங்கே பார், மனிதருக்குள் என்ன வித்தியாசம் என்று மனதுக்குள் ஒரு பேச்சே நடத்தி முடித்துவிட்டேன்.

வழிகாட்டி நிதானமான ஆங்கிலத்தில் விதிகளைச் சொன்னார். வலது பெருவிரலால் வேகம், இடது கையால் பிரேக். ஓட்டுகிறவரின் உடையோடு ஒரு சிவப்புச் சுருள் கயிறு கொளுவியிருக்கும். அவர் விழுந்தால் கயிறு இழுபட்டு இயந்திரம் நின்றுவிடும். முன்னால் போகிறவர் கையை உயர்த்தினால் எல்லோரும் நிற்க வேண்டும். பின்னால் இருப்பவர் ஓட்டுகிறவரைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, வளைவில் அவர் சாயும் பக்கமே சாய வேண்டும். "மறுபக்கம் சாய்ந்தால் இரண்டு பேரும் விழுவீர்கள்" என்று என்னைப் பார்த்துத்தான் சொன்னார்.

வண்டி மூன்று. முதலாவது வழிகாட்டிக்கு. இரண்டாவதில் மகள் தனியாக. மூன்றாவதில் மருமகனாக வரப்போகிறவரும் நானும். இது மகளின் ஏற்பாடு. நான் ஒன்றும் சொல்லாமல் ஏறி, அவர் இடுப்பைச் சுற்றிக் கையைப் போட்டுக்கொண்டேன். அதில் எனக்கு ஒரு கூச்சமும் இருக்கவில்லை. இதை நான் குறித்தே சொல்ல வேண்டும்.

"அங்கிள், வடிவாய்ப் பிடிச்சிருக்கிறியளோ? பயமெண்டால் என்டை முதுகிலை தட்டுங்கோ. நிப்பாட்டுவன்" என்றார் அவர்.

"நான் காணாத பயமோ தம்பி? நீர் ஓட்டும்."

உறைந்த ஏரி ஒன்றின்மேல் போனோம். ஏரி என்று சொன்னபிறகுதான் தெரிந்தது, அதுவரை வயல் என்று நினைத்திருந்தேன். வெள்ளை நிலம், அதற்கு மேலே வெளிறிய ஊதா வானம், நடுவில் எங்கள் மூன்று இயந்திரங்களின் இரைச்சல். மகள் முன்னால் எழுந்து நின்று ஓட்டினாள். ஒவ்வொரு ஐந்து நிமிடமும் திரும்பி எங்களைப் பார்த்தாள். பின்னால் வருகிறவரைத் திரும்பிப் பார்ப்பது முன்னால் போகிறவர் கடமை என்று வழிகாட்டி சொல்லியிருந்தார். ஆனால் இவள் பார்த்தது அதற்காக மட்டும் அல்ல. நான் அவரைக் கட்டிப் பிடித்திருக்கிறேனா என்றும் பார்த்தாள். அந்தப் பிள்ளையின் சந்தோஷம் முதுகிலேயே தெரிந்தது.

ஏரி முடிந்து காட்டுக்குள் நுழைந்தோம். கிளைகள் பனிப் பாரத்தில் வளைந்து வாசல் மாதிரி நின்றன. இதைப் படமெடுத்துக் குடும்பக் குழுவில் போடவேண்டும் என்ற ஆசையில் வலது கையுறையைக் கழற்றிப் பல்லில் கவ்விக்கொண்டு கைப்பேசியை எடுத்தேன். அந்த நேரம் பார்த்து இடப்பக்கம் ஒரு வளைவு வந்தது. அவர் இடப்பக்கம் சாய்ந்தார். நான் பயந்து வலப்பக்கம் சாய்ந்தேன். வண்டி பாதையை விட்டு விலகி மெதுவாகச் சரிந்து, எங்கள் இருவரையும் மெத்தையில் கொட்டுவதுபோலப் பனிக்குள் கொட்டியது.

இந்த இடத்தைத்தான் நான் எல்லாருக்கும் சொல்வேன். காலைப் பற்றி, படத்தைப் பற்றி, எல்லாம். சொல்லாமல் விடுவது இதை: முதலில் எழுந்தவர் அவர். தன்மேல் இருந்த பனியைக்கூடத் தட்டாமல் இடுப்பளவு பனிக்குள் நீந்தி வந்து என் தலையைத்தான் தூக்கினார். "அங்கிள், மூச்சு விடேலுமோ? கழுத்து நோகுதோ? விரலை ஆட்டிக் காட்டுங்கோ" என்று பதறினார். என் வலது கை வெறுங்கையாக இருந்தது. கையுறை எங்கேயோ புதைந்துவிட்டது. அவர் தன் கையுறைகள் இரண்டையும் கழற்றி என் கைகளில் மாட்டினார். குழந்தைக்கு மாட்டுவதுபோல ஒவ்வொரு விரலாகப் பார்த்து மாட்டினார். அந்தக் கையுறைக்குள் அவர் கைச் சூடு அப்படியே இருந்தது. நான் அதை வாங்கிக்கொண்டேன். அதிலும் கூச்சம் இருக்கவில்லை.

வழிகாட்டி திரும்பி வந்து, மண்வெட்டியால் பனியை வெட்டி, நாலு பேருமாக இழுத்து வண்டியைப் பாதைக்கு ஏற்றினோம். மருமகன் வெறுங்கையோடு இழுத்தார். பிறகு வழிகாட்டி தன் பெட்டிக்குள் இருந்து அவருக்கு வேறு கையுறை கொடுத்தார்.

அங்கிருந்து பத்து நிமிடத்தில் ஒரு மரக்குடிசை. வட்டமான குடிசை, நடுவில் நெருப்பு, சுற்றிவர மான் தோல் விரித்த வாங்குப் பலகைகள். நான் நடுங்கிக்கொண்டிருந்தேன். பல் தன்பாட்டில் அடித்துக்கொண்டது. வழிகாட்டி நெருப்பை மூட்டி, கரிப்பிடித்த கேத்தலில் காட்டுப் பழச் சாற்றைக் கொதிக்க வைத்தார். பிறகு மரத்தில் குடைந்த இரண்டு கோப்பைகளை எடுத்தார்.

"இங்கே என் வழக்கம் ஒன்று இருக்கிறது. ஒரு வண்டிக்கு ஒரு கோப்பை. ஒன்றாக ஓடியவர்கள் ஒன்றாகக் குடிக்க வேண்டும்" என்று சிரித்தார். ஒரு கோப்பையைத் தனியாக ஓடிய மகளுக்கும் தனக்கும் என்று வைத்துவிட்டு மற்றதை நிரப்பி மருமகனிடம் நீட்டினார். மகள் அப்போது வாசலில் குனிந்து விறகுக் கட்டைகளை அள்ளிக்கொண்டிருந்தாள்.

அவர் கோப்பையை வாங்கினார். ஊதினார். ஒரு வாய் உறிஞ்சினார். பிறகு இரண்டு கையாலும் என்னிடம் நீட்டினார்.

"சூடு பாத்திட்டன் அங்கிள். கொதிக்கேல்லை. கெதியாய்க் குடியுங்கோ, நடுக்கம் போயிடும்."

நான் வாங்கினேன். கோப்பை சூடாக இருந்தது. வாசனை வந்தது. வாய்வரை கொண்டுபோனேன். அதற்குப் பிறகு நடந்ததை நான் செய்தேன் என்று சொல்லவும் முடியவில்லை, செய்யவில்லை என்று சொல்லவும் முடியவில்லை. என் கை இறங்கியது. வாசலோரம் போய் வெளியே சாற்றை ஊற்றினேன். கதவோரம் குவிந்திருந்த பனியில் ஒரு கைப்பிடி அள்ளிக் கோப்பையின் விளிம்பைச் சுற்றிவரத் தேய்த்தேன். ஒரு முறை அல்ல, மூன்று முறை. பனியைத் தட்டிக் கொட்டிவிட்டு, வெறும் கோப்பையை வழிகாட்டியிடம் நீட்டினேன்.

வழிகாட்டி சிரித்துக்கொண்டே மறுபடி நிரப்பினார். "சரிதான், பனியை மிஞ்சிய சவர்க்காரம் கிடையாது" என்றார். அந்தப் பெண்ணுக்கு என்ன தெரியும்? நான் மிகவும் சுத்தமான மனிதன் என்று நினைத்திருப்பார்.

நிமிர்ந்தபோது மகள் கையில் விறகோடு என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "அப்பா, என்ன செய்யிறியள்? ஏன் ஊத்தினீங்கள்?"

என் முகத்தில் ஈயாடவில்லை. மருமகன்தான் பதில் சொன்னார்.

"சாம்பல் விழுந்திட்டுது. நெருப்பிலையிருந்து பறந்து வந்தது. நான்தான் ஊத்தச் சொன்னனான்."

மகள் என்னைப் பார்த்தாள். நான், "ஓம் பிள்ளை. சாம்பல்" என்றேன்.

அவள் நம்பினாள். விறகை நெருப்பில் போட்டுவிட்டு, நான் விழுந்த படத்தைக் காட்டிச் சிரிக்கத் தொடங்கினாள். நான் அந்தக் கோப்பையில் இருந்ததைக் குடித்தேன். அவர் அதற்குப் பிறகு ஒன்றும் குடிக்கவில்லை. தாகமில்லை என்று சொல்லிவிட்டார்.

நான் பாசலில் ஓர் ஆஸ்பத்திரியில் சத்திரசிகிச்சை ஆயுதங்களைக் கழுவிக் கிருமி நீக்குகிற பிரிவில் இருபத்தெட்டு வருடமாக வேலை செய்கிறேன். ஆகவே திரும்பும் வழியில் எனக்கு முதலில் கிடைத்த சாட்டு கிருமிதான். எச்சில் எச்சில்தானே, இருபத்தெட்டு வருடப் பழக்கம் அல்லவா என்று என்னைத் தேற்றப் பார்த்தேன். ஆனால் என்னோடு வேலை செய்யும் போர்த்துக்கீசனும் நானும் ஒரே போத்தலில் வாய் வைத்துக் குடிப்போம். அதற்கு முதல் நாள் விமானத்தில் மகள் மிச்சம் வைத்த கோப்பியைக் குடித்தவன் நான். அப்போதெல்லாம் என் கண்ணுக்குத் தெரியாத கிருமி அந்தக் குடிசையில் மட்டும் எங்கிருந்து வந்தது?

எனக்குத் தெரியும் எங்கிருந்து வந்தது என்று. ஊரில் எங்கள் வீட்டு வேலிக் கதியாலில் ஒரு தகரப் பேணி கவிழ்த்து வைத்திருக்கும். வேலைக்கு வருகிற சிலருக்கு அதில்தான் தேத்தண்ணீர். அவர்கள் குடித்து, கழுவிக் கவிழ்த்துவிட்டுப் போன பிறகும், அம்மா சொல்லி நான் அதன் விளிம்பை மண் போட்டு மறுபடி தேய்த்திருக்கிறேன். எட்டு வயது இருக்கும். மூன்று முறை. அன்று அந்தப் பேணியில் குடித்தவர்கள் எந்தக் குறிச்சிக்காரர் என்பதும் எனக்குத் தெரியும்.

மேடையில் பேசிய நாக்கு வேறு, தேய்த்த கை வேறு என்று சொல்லித் தப்பிக்க முடியாது. இரண்டும் என்னுடையவைதான். இத்தனை வருடமும் நான் கொடுக்கிற இடத்தில் நின்றுதான் சமத்துவம் பேசியிருக்கிறேன். கோயிலில் எல்லோருக்கும் என் கையால் சோறு போட்டேன். என் மகளையே தரத் தயாராக இருந்தேன். கொடுப்பதற்கு எங்கள் ஆட்களுக்கு எப்போதும் கை நீளும். என் அம்மாவும் கொடுத்தவள்தான். வாங்க வேண்டி வந்த அந்த ஒரு நிமிடத்தில் நான் யார் என்று தெரிந்துவிட்டது. திரும்பும் வழி முழுக்க அவரைக் கட்டிப்பிடித்துக்கொண்டுதான் இருந்தேன். அவர் சாய்ந்த பக்கமெல்லாம் சாய்ந்தேன். வளைவுகளில் ஒவ்வொரு முறையும், "இப்ப இடப்பக்கம் அங்கிள்" என்று முன்கூட்டியே சொல்லிக்கொண்டு ஓட்டினார். அந்தக் குரலில் ஒரு மாற்றமும் இல்லை. அதுதான் என்னைக் கொன்றது.

அன்று பின்னேரம் விடுதியில் மகள் என் அறைக்கு வந்தாள். "அப்பா?" என்றாள், அவ்வளவுதான். நான் ஓம் என்றேன். அவள் என்னைக் கட்டிப்பிடித்து அழுதாள். "நான் பயந்துகொண்டு இருந்தனான். அம்மா சொன்னவ, நீங்கள் வெளியிலை ஒண்டும் உள்ளுக்கை ஒண்டுமாய் இருப்பியள் எண்டு. நான் அம்மாவோடை சண்டை பிடிச்சனான். என்டை அப்பா அப்பிடி இல்லை எண்டு." நான் அவள் தலையைத் தடவிக்கொண்டு சுவரைப் பார்த்தேன். அப்போதாவது சொல்லியிருக்கலாம். சொன்னால் அவள் என்னை எப்படிப் பார்ப்பாள் என்ற பயத்தில் சொல்லவில்லை.

அடுத்த நாள் சூரிச் விமான நிலையத்தில் இறங்கி, கீழே ரயில் மேடைக்கு வந்தோம். அவருக்கு லோசான் ரயில், எங்களுக்குப் பாசல் ரயில். மகள் சாப்பிடப் பாண் வாங்கப் போன இடைவெளியில் நான் அவர் பக்கத்தில் போய் நின்றேன்.

"தம்பி, அந்தக் கோப்பை…" என்றேன்.

"விடுங்கோ அங்கிள்."

"இல்லை, நான் சொல்லவேணும். சாம்பல் விழேல்லை."

அவர் தண்டவாளத்தைப் பார்த்துக்கொண்டு மெதுவாகப் பேசினார். "வெளிக்கிடேக்கை அப்பா எனக்கு ஒண்டு சொல்லி விட்டவர். நீ வாய் வைச்சுக் குடிச்ச கோப்பையை அந்த மனிசனிட்டைக் குடுத்துப் பார், வாங்கிக் குடிச்சால் நான் வந்து பொம்பிளை கேக்கிறன், இல்லையெண்டால் அந்த வாசல் மிதிக்க மாட்டன் எண்டு. எனக்கு அது பிடிக்கேல்லை. உப்பிடியெல்லாம் ஆளைச் சோதிக்கக் கூடாது எண்டு அவரோடை சண்டை பிடிச்சிட்டுத்தான் வந்தனான். அங்கை நீங்கள் நடுங்கினீங்கள், அதாலை சூடு பாத்துத் தந்தனான். அப்பா சொன்னது என்டை மனசிலையே இல்லை அங்கிள். நீங்கள் பனியை அள்ளினோடனைதான் ஞாபகம் வந்தது."

நான் அவர் பக்கம் திரும்பினேன். "அப்ப, அப்பாட்டை…?"

"அண்டைக்குப் பின்னேரமே எடுத்துக் கேட்டவர். குடிச்சவர் எண்டு சொல்லிட்டன்."

"ஏன் தம்பி?"

"அவர் வராட்டி இவள் ஏன் எண்டு கேப்பாள். கேட்டால் உங்களை இழந்துபோவாள்." ரயில் வருகிற அறிவிப்புக் கேட்டது. "ஞாயிற்றுக்கிழமை அப்பாவும் அம்மாவும் வருவினம். நீங்கள் ஒண்டும் சொல்லவேண்டாம், சரியோ?" என்று சொல்லிவிட்டு, திரும்பி வந்த மகள் நீட்டிய பாணை வாங்கிக்கொண்டு ஏறினார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை அவர்கள் வந்தார்கள். தகப்பன் மெலிந்த மனிதர், என்னைவிட ஐந்தாறு வயது கூட இருக்கும். பழைய கோட்டு, புதிதாகக் கத்தரித்த மீசை. லோசானில் உணவகம் ஒன்றில் முப்பது வருடம் கோப்பை கழுவியவர். உள்ளே வந்ததும் கோட்டைக்கூடக் கழற்றவில்லை. என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். என் மனைவியும் மகளும் பின்னால் நின்றார்கள். மருமகன் வாசலில் குனிந்து சப்பாத்தைக் கழற்றிக்கொண்டிருந்தார்.

"நான் படிக்கேக்கை பள்ளிக்கூடக் கிணத்திலை எங்களை அள்ள விடமாட்டினம்" என்றார் அவர். "ஆரும் வந்து ஊத்துமட்டும் கையை ஏந்திக்கொண்டு நிப்பம். சில நாள் ஒருத்தரும் வராயினம். மணி அடிச்சிடும், அப்பிடியே வகுப்புக்குப் போயிடுவம். இதை நான் பிள்ளையளுக்குக்கூட வடிவாய்ச் சொன்னதில்லை. இவன் குடிச்ச கோப்பையை நீங்கள் வாங்கிக் குடிச்சனீங்கள் எண்டு சொன்னான். அண்டைக்கு என்னாலை ஒரு வேலையும் செய்ய ஏலாமல் போச்சு. சமையல் குசினிக்குள்ளை இருந்து அழுதனான். உங்களை ஒருக்கா நேரிலை பாத்துச் சொல்லவேணும் எண்டு வந்தனான்." கண் கலங்கி நின்றார். பிறகு என் கைகளைத் தன் நெஞ்சோடு சேர்த்து, "நீங்கள் பெரிய மனிசன்" என்றார்.

என் மனைவி கண்ணைத் துடைத்தாள். என் மகள் என்னைப் பெருமையோடு பார்த்தாள். வாசலில் மருமகன் நிமிரவே இல்லை.

"உதிலை என்ன இருக்கு அண்ணை" என்றேன் நான்.